கவரைப்பேட்டையில் எழுப்பிவிட்டவர்

இப்போதெல்லாம் எனக்குத் தூக்கம் சரியாக வருவதில்லை. உட்கார்ந்த இடத்தில் உட்காரவும் முடிவதில்லை. ஒரு வரி எழுதினால் எழுந்து ஜன்னலுக்குப் போகிறேன். ஜன்னலில் நின்றால் அடுப்பு ஞாபகம் வருகிறது. அடுப்புக்குப் போனால் பால் பொங்கி முடிந்திருக்கிறது, வரி ஆறிப்போயிருக்கிறது. இப்படி அலைகிற இதே உடம்புதான் ஒரு காலத்தில் ஓடும் ரயிலில், ஜன்னல் கம்பியில் தலையைச் சாய்த்து, வாயைத் திறந்துகொண்டு, சொந்த ஊரையே தாண்டித் தூங்கியது என்றால் என் பிள்ளைகள் நம்ப மாட்டேன் என்கிறார்கள்.

எழுபதுகளின் நடுவில் நடந்தது இது. அத்திப்பட்டு ஸ்டேஷனில் இறங்கி உப்பளத்து ஓரமாகவே நடந்தால் ஒரு நூல் கம்பெனி வரும். தையல் நூலைக் கட்டையில் சுற்றி, முனை ஒட்டி, பெட்டியில் அடுக்குவார்கள். எனக்குச் சுற்றுகிற வேலை. கட்டையைச் செருகிய இரும்புக் கதிர் சுழன்றுகொண்டே இருக்கும். நூல் அறுந்தால் சட்டென்று விரலை விட்டுப் பிடித்து முடிச்சுப் போட வேண்டும். விரல் நுனி கீறாத நாள் கிடையாது.

பள்ளிக்கூடத்தில் ஒரு கன்னியாஸ்திரி டீச்சர் எங்களுக்குச் சொன்ன கதை ஒன்று உண்டு. ராட்டையின் கதிர் குத்தி ஒரு ராஜகுமாரி நூறு வருஷம் தூங்கிப்போகிறாள். அவளோடு சேர்ந்து அரண்மனையே தூங்குகிறது. முள்வேலியைத் தாண்டி ஒரு ராஜகுமாரன் வந்து முத்தம் கொடுத்து எழுப்புகிறான். முத்தம் என்ற இடம் வந்தபோது மட்டும் டீச்சர் கையிலிருந்த சாக்பீஸைப் பார்த்துக்கொண்டு சொன்னார்கள்.

என் தூக்கத்துக்குச் சாபம் எதுவும் காரணமில்லை. முதல் ஷிப்டுதான் காரணம். கோழிகூடத் தூங்குகிற நேரத்தில் அம்மா என் முகத்தில் தண்ணீர் தெளித்து எழுப்புவாள். பாதித் தூக்கத்தில் சோறு கட்டிக்கொண்டு, பாதித் தூக்கத்தில் ரயிலேறி, கதிர் முன்னால் நின்றதும்தான் கண் முழுசாகத் திறக்கும். மத்தியானம் ஷிப்டு முடிந்து திரும்புகிற பாசஞ்சரில் ஏறி உட்கார்ந்தால் போதும். மரப்பலகை, அனல் காற்று, கரிப்புகை. உப்பளத்தின் வெள்ளை வெயில் கண்ணுக்குள் போய் மூடிக்கொள்ளும்.

அந்தப் பெட்டியில் எனக்குத் துணை பழவேற்காட்டு மீன்காரப் பெண்கள். காலையில் பட்டணத்துக்கு மீன் கொண்டுபோய் விற்றுவிட்டு, காலிக் கூடைகளோடு திரும்புவார்கள். பொன்னேரியில் இறங்கி பஸ் பிடிப்பார்கள். அடுத்த ஸ்டேஷன் கவரைப்பேட்டை, என் ஊர். அவர்களில் மூத்தவளை எல்லோரும் பெரியம்மா என்றுதான் கூப்பிடுவோம். ஒரு நாள் தூக்கம் வராமல் இருக்க நான் அவர்களுக்கு ராஜகுமாரி கதையைச் சொன்னேன். பெரியம்மா வெற்றிலையை மென்றபடி முழுசாகக் கேட்டாள்.

"நூறு வருசமா பல்லு வெளக்காதவளுக்கா முத்தம் குட்த்தான்? அவன் ராசா இல்லடி கண்ணு, மூக்கு செத்தவன்."

பெட்டியே சிரித்தது. நான் சிரித்துக்கொண்டே தூங்கிப்போனேன்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு தடவை கவரைப்பேட்டையை விட்டுவிட்டேன். கண் விழித்தபோது கும்மிடிப்பூண்டியும் போய், ஆரம்பாக்கமும் போய், பெயர்ப்பலகையெல்லாம் தெலுங்கில் இருந்தது. சூலூர்பேட்டை. அங்கிருந்து வேறு வண்டி பிடித்து ஊர் வந்து சேர்வதற்குள் பொழுது சாய்ந்துவிட்டது. அரிசி மில்லில் மூட்டை தூக்கிவிட்டு, என்னை அழைத்துப்போக தினமும் ஸ்டேஷனுக்கு வரும் அப்பா, எங்களுக்கு நைனா, அன்றைக்கு பிளாட்பாரத்தில் அதுவரை நின்றபடியே இருந்தார். ஏரிக்கரையில் நடக்கும்போது ஒரே ஒரு பேச்சுதான் பேசினார்.

"இன்னொரு தபா ஆந்திராவுல போய் முழிச்சின்னா, அத்தோட வேல வேணாம்."

வேலை வேணாம் என்றால் என்ன நடக்கும் என்பது எனக்குத் தெரியும். ஆர்.கே.பேட்டையில் அத்தை மகன் ஒருவர் இருந்தார். நல்லவர்தான், அவர்மேல் எனக்குக் குறை இல்லை. வேலைக்குப் போகிற வரைக்கும் அந்தக் கல்யாணப் பேச்சை எடுப்பதில்லை என்று நைனா ஒப்புக்கொண்டிருந்தார். வேலை நின்றால் தை மாதமே அனுப்பிவிடுவார்கள். அது ரயிலே இல்லாத ஊர். காலையில் ஒரு இடத்திலும் மத்தியானம் இன்னொரு இடத்திலும் இருக்கிற ருசியை ஒருமுறை கண்டுவிட்ட பெண்ணை ரயில் இல்லாத ஊரில் கொண்டுபோய் வைத்தால் அவள் என்ன ஆவாள்? 

அந்த எச்சரிக்கைக்குப் பிறகு நான் ஒரு நாளும் தவறவில்லை. எவ்வளவு ஆழமாகத் தூங்கினாலும், கவரைப்பேட்டைக்கு வண்டி வேகம் குறைக்கும்போது கண் தானாகத் திறந்துவிடும். என் கண்ணுக்கு நானே பாடம் சொல்லிக் கொடுத்துவிட்டேன் என்று அம்மாவிடம் பெருமையடித்தேன். விழித்ததும் முதலில் கண்ணில் படுவது மட்டும் எப்போதும் ஒரே முகம். அந்த வண்டியில் வேர்க்கடலை விற்பவர். கழுத்தில் தட்டு, முகத்தில் அம்மைத்தழும்பு, தோளில் சிவப்புத் துண்டு. "வேர்க்கல்லே, வறுத்த வேர்க்கல்லே" என்று என் தலைமாட்டிலேயே கத்திக்கொண்டிருப்பார். மீன்காரர்கள் இறங்கிப் பெட்டி காலியான பிறகு எதற்கு இத்தனை சத்தம் என்று எரிச்சலோடு முந்தானையைச் சரிசெய்துகொண்டு இறங்கிவிடுவேன்.

பெரியம்மாவின் மகள் கும்மிடிப்பூண்டியில் பிள்ளை பெற்றிருந்தாள். அவளைப் பார்க்க ஒரு நாள் பெரியம்மா பொன்னேரியில் இறங்காமல் வண்டியிலேயே இருந்துவிட்டாள். எனக்கு அது தெரியாது, வழக்கம்போலத் தூக்கம். விழித்தபோது கடலைக்காரரின் தலையில் மீன்கூடை கவிழ்ந்திருந்தது.

"தூங்கற பொண்ணாண்ட குனிஞ்சிக்கினு இன்னாடா பண்ற, கஸ்மாலம்?"

கூடைக்குள்ளிருந்து குரல் வந்தது. "கல்ல விக்கிறேன் பெரியம்மா."

"ஆளே இல்லாத பொட்டியில யாருக்குடா விக்கிற? தூங்கறவளுக்கா?"

அவர் கூடையை எடுத்து மரியாதையாக அவள் பக்கத்தில் வைத்தார். கடலை பெட்டி முழுக்க உருண்டது. இனி இந்தப் பெட்டியில் கால் வைத்தால் நடப்பதே வேறு என்று பெரியம்மா சொன்னாள். அவர் தலையில் ஒட்டிய மீன் செதிலைத் துடைத்தபடி, கவரைப்பேட்டையில் என்னோடு இறங்கி, பின்னால் இருந்த வேறு பெட்டிக்கு ஓடினார். பெரியம்மா என்னைக் காப்பாற்றிய திருப்தியோடு ஜன்னலில் கையாட்டினாள். நானும் ஆட்டினேன்.

மறுநாள் கண் விழித்தபோது டீக்காரர் ஒருவர் தெலுங்கில் என்னிடம் ஏதோ கேட்டுக்கொண்டிருந்தார்.

சூலூர்பேட்டை பிளாட்பாரத்து சிமெண்டு பெஞ்சில், திரும்புகிற வண்டிக்காகக் காத்திருந்தபோதுதான் உறைத்தது. என் கண் எந்தப் பாடமும் படிக்கவில்லை. காலிப் பெட்டியில் யாருக்கு விற்கிறாய் என்று பெரியம்மா கேட்டாளே, அதற்கு உண்மையான பதில் ஒன்று இருந்தது. தெரியாத பெண்ணைத் தொட்டு எழுப்ப முடியாது. பெயர் தெரியாது, கூப்பிடவும் முடியாது. அந்த மனுஷன் கடலையைக் கூவிக் கூவி என்னை எழுப்பிவிட்டிருக்கிறார், தினமும், ஊருக்குச் சற்று முன்னால். பெஞ்சில் உட்கார்ந்து சிரித்தேன். பிறகு நைனாவை நினைத்தேன், சிரிப்பு நின்றுபோனது.

கவரைப்பேட்டையில் ஜன்னலில் சாய்ந்திருந்த என் தலையைப் பார்த்துவிட்டு நைனா வண்டியோடு ஓடியிருக்கிறார். மூட்டை தூக்கிய கால்கள், பிளாட்பாரம் முடிகிற வரைக்கும் ஓடியிருக்கின்றன. இதை அவர் சொல்லவில்லை, ஸ்டேஷனில் வெற்றிலை விற்பவர் சொன்னார். நைனா திட்டவே இல்லை. அதுதான் பயமாக இருந்தது.

"போதும்மா. நின்னுடு."

நடந்ததைச் சொல்லிவிடலாம் என்று வாய் வரைக்கும் வந்தது. ஆனால் எந்த வார்த்தையில் சொல்வது? ஒரு ஆண் தினமும் என்னை எழுப்பிவிடுவார், அவர் வராததால்தான் தூங்கிவிட்டேன் என்று ஒரு பெண் தன் அப்பாவிடம் சொன்னால் வேலை வேறொரு காரணத்துக்காகப் போகும். அவர் பின்னாலேயே நடந்தேன்.

கம்பெனியில் சொல்லிவிட்டு வர நைனாவும் என்னோடு வந்தார். சூப்பர்வைசர் கையைப் பிசைந்தார். மெஷினுக்கு ஆள் இல்லை, சனிக்கிழமை வரைக்குமாவது வரட்டும் என்று கேட்டுக்கொண்டார். நைனா சரி என்றார், ஆனால் அதுவரை தானே கூட வந்து கூட்டிப்போவதாகச் சொல்லி, அன்று முழுக்க கேட்டுக்கு வெளியே பூவரச மரத்தடியில் உட்கார்ந்திருந்தார்.

திரும்புகிற வண்டியில் மீன்காரப் பெண்கள் அவரை விடவில்லை. பொண்ணுக்குக் காவலா, யூனிபாரம் எங்கே, விசில் எங்கே என்று கேட்டார்கள். நைனா வெட்கப்பட்டுத் துண்டை மடித்தார், பிரித்தார். வேலையை விடப்போகிறேன் என்பதை அவர்களிடம் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. பொன்னேரியில் அவர்கள் இறங்கியதும் நைனா என் பக்கம் திரும்பினார்.

"நீ தூங்கும்மா. நான் முழிச்சிக்கினுதான இருக்கேன்."

வண்டி புறப்படுவதற்குள் அவர் தூங்கிவிட்டார்.

அவரும் அன்று என்னோடு அதே நேரத்துக்கு எழுந்தவர்தானே. தலை கம்பியில் சாய்ந்திருந்தது, வாய் திறந்திருந்தது. நான் எப்படித் தூங்குவேன் என்று அன்றுவரை நான் பார்த்ததில்லை. எனக்கோ துளித் தூக்கம் இல்லை. இந்த ஜன்னலை இன்னும் எத்தனை நாள் பார்க்கப்போகிறேன் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போது கடலைத் தட்டு உள்ளே வந்தது. மீன்காரர்கள் இறங்கியதைப் பார்த்துவிட்டுக் கடைசி நொடியில் தாவி ஏறியிருக்கிறார். முந்தின நாள் நைனா வண்டியோடு ஓடியதைப் பின்பெட்டியிலிருந்து பார்த்திருப்பார்.

அவர் என்னைப் பார்த்தார். முழுசாகத் திறந்த என் கண்களை அவர் பார்த்தது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன். அப்படியே நின்றுவிட்டார். பக்கத்தில் தூங்கும் நைனாவைப் பார்த்தார், மறுபடியும் என்னைப் பார்த்தார். திரும்பிப் போகலாமா என்று அவர் கால்கள் யோசிப்பது தெரிந்தது.

நைனாவை நானே எழுப்பியிருக்கலாம். எழுப்பினால் ஒரே ஒரு நாள் தூங்காமல் இருந்த பெண் ஆவேன், அவ்வளவுதான். சனிக்கிழமையோடு வேலை நிற்பது மாறாது. யோசிக்க நேரமில்லை. அந்த மனுஷன் எழுப்புவதை நைனாவே பார்க்கட்டும் என்று நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

மூடிய கண்ணுக்குள் எல்லாம் பெரிதாகக் கேட்டது. சக்கரச் சத்தம், தட்டில் கடலை உருளும் சத்தம், பக்கத்தில் வந்து நிற்கும் செருப்பு. என்னைத்தான் தொடக்கூடாது, நைனாவைத் தொடலாமே. தோளைத் தட்டுவது கேட்டது.

"நைனா. நைனா. கவரப்பேட்ட வர்து."

நைனா திடுக்கிட்டு எழுந்தார். இன்னா, எங்க என்று தடுமாறினார். என் பக்கம் கையை நீட்டினார் போலிருக்கிறது. அதற்குள் பழக்கதோஷத்தில் அந்த மனுஷன் குரலெடுத்துவிட்டார். "வேர்க்கல்லே, வறுத்த வேர்க்கல்லே." நான் கண்ணைத் திறந்தேன். நடித்துத் திறக்க வேண்டியிருக்கவில்லை, அந்தக் குரலுக்கு அது தானாகத் திறந்தது.

நைனா என்னைப் பார்த்தார். அவரைப் பார்த்தார். பிறகு காலியாகக் கிடந்த பெட்டியை ஒரு சுற்றுப் பார்த்தார்.  வண்டி நின்றது, இறங்கினோம்.

ஏரிக்கரையில் பாதி தூரம் வந்ததும் நைனா கேட்டார், அந்த ஆள் தினமும் இப்படித்தான் கத்துவானா என்று. ஆமாம் என்றேன். பக்கத்தில் வருவானா என்றார். தட்டு தூரம்தான் என்றேன்.

"ஒரு நாளு வர்லன்னா?"

"அதான் சூலூர்பேட்ட, நைனா."

அவர் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு நடந்தார். நாரைகள் நின்றிருந்தன. ஒரு அப்பாவின் மனசு இரண்டு பக்கமும் போய்வருகிற சத்தம் எனக்குக் கேட்பது மாதிரி இருந்தது. வீட்டுக் கூரை தெரிகிற இடம் வந்ததும் நின்றார்.

"எனக்கு மில்லுல வேல கெடக்குது. நாளைக்கி நீயே போய் அந்த சூப்பர்வைசராண்ட சொல்லிடு, நிக்கலன்னு." கொஞ்சம் நடந்துவிட்டு மறுபடியும், "நான் தூங்கிட்டத உங்கம்மாவாண்ட சொல்லாத" என்றார்.

மறுநாள் நான் மீன்காரப் பெண்களிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பெரியம்மா கொஞ்ச நேரம் கூடையையே பார்த்தாள். மீஞ்சூரில் வண்டி நின்றதும் ஜன்னலில் பாதி உடம்பை வெளியே விட்டு, பிளாட்பாரமே திரும்பிப் பார்க்கக் குரல் கொடுத்தாள். கடலைக்காரர் தயங்கித் தயங்கி வந்து, ஏறி, கூடைக்கு எட்டாத தூரத்தில் நின்றார். அவள் மன்னிப்பெல்லாம் கேட்கவில்லை. கோபமாகத்தான் கேட்டாள்.

"ஏண்டா டேய், ரயில்ல ஏர்ற அத்தினி பொண்ணையும் தங்கச்சி தங்கச்சின்னுதான கூப்புட்ற? இவளையும் 'தங்கச்சி, ஊரு வந்துடுச்சி, எழுந்துரு'ன்னு ஒரு வார்த்த சொல்லிட்டுப் போறதுதான? யாரு கேக்கப்போறா? தொண்ட கிழிய எதுக்குக் கத்தின?"

அவர் தட்டில் இருந்த கடலையை ஒதுக்கினார். ஒதுக்கியதையே மறுபடியும் ஒதுக்கினார். காது இரண்டும் துண்டின் நிறத்துக்கு வந்துவிட்டது.

"ஒரு தபா அப்டிக் கூப்ட்டுட்டா, அப்பால மாத்த முடியாது பெரியம்மா."

 பிறகு கூடைகள் ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளும்படி அத்தனை பெண்களும் சிரித்தார்கள். ஒருத்தி அவர் முதுகில் அடித்தாள். பெரியம்மா மட்டும் சிரிக்காமல் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். வெளியே ஒன்றும் இல்லை, வயல்தான் ஓடியது.

பொன்னேரியில் அவர்கள் இறங்கிப்போனார்கள். அவர் கதவோரம் போய் நின்றுகொண்டார். நான் தூங்கவில்லை, அவரும் கூவவில்லை. எழுப்ப வேண்டிய அவசியம் இல்லாமல் இரண்டு பேரும் ஒரே பெட்டியில் என்ன செய்வது என்று எங்களுக்குத் தெரியவில்லை. காற்று நன்றாக இருந்தது. கவரைப்பேட்டை வந்தது. தூரத்தில் நைனா, பக்கத்தில் வெற்றிலைக்காரர். இறங்குகிற படியில் ஒரு காலை வைத்துக்கொண்டு, கடலைக்காரரைப் பார்க்காமல் சொன்னேன்.

"நாளைக்கும் நான் தூங்குவேன்."

"சரிங்க" என்றார்.