பெரியநாயகி சொன்ன எண்

பெரியநாயகிக்கு ஐம்பத்திரண்டு வயது. விருத்தாசலத்தில் பீங்கான் பொம்மை செய்யும் சின்னக் கம்பெனி ஒன்றில் பத்தொன்பது வருஷம் வேலை பார்த்தவள். அச்சிலிருந்து எடுத்த ஈரப் பொம்மைகளை ஸ்பாஞ்சால் துடைத்துச் சீராக்குவது அவள் வேலை. மார்பில் புற்றுநோய் வந்து, ஆபரேஷன் செய்து, கரண்டு என்று சொல்லும் கதிர்வீச்சும் வைத்தார்கள். அதே இடம் மறுபடி புண்ணானது. இனி வீட்டிலேயே வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று பெரிய ஆஸ்பத்திரியில் அனுப்பிவிட்டார்கள்.

அதற்குப் பிறகு வாரம் ஒருமுறை நர்ஸ் அன்புக்கரசி ஸ்கூட்டியில் வந்து கட்டு மாற்றினாள். கிளம்பும் முன் தவறாமல் கேட்பாள்.

"வலியே இல்லன்னா சைபரு, தாங்கவே முடியலன்னா பத்து. இன்னிக்கு எவ்ளோக்கா?"

"மூணு இருக்கும் சிஸ்டர்."

கணவர் விருத்தகிரி பக்கத்தில் நின்றபடி, "நல்லாத்தான் இருக்குதுங்க, தூங்குறா" என்பார். அன்புக்கரசி மூன்று என்று எழுதிக்கொள்வாள். நான்கு வாரமும் மூன்றுதான். ஒரு நாளைக்கு ஏழெட்டு வீடு ஏறி இறங்குகிறவளுக்கு, இந்த ஒரு வீடாவது நிம்மதி என்றுகூடத் தோன்றியது.

ஐந்தாவது வாரம் விருத்தகிரி வேலைக்குப் போயிருந்தார். புண்ணோடு ஒட்டிக்கொண்ட துணியை நனைத்து மெல்ல உரித்தபோது பெரியநாயகி சத்தமே போடவில்லை. ஆனால் கால்விரல்கள் மடங்கி இறுகின. அன்புக்கரசி நிறுத்திவிட்டாள்.

"அக்கா, இது மூணு இல்ல."

பெரியநாயகி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள்.

"ஆஸ்பத்திரியில தாங்க முடியலன்னு சொன்னன். அன்னிக்குத்தான், இனிமே ஒண்ணும் பண்ண முடியாது, கூட்டிட்டுப் போங்கன்னுட்டாங்க. உங்ககிட்டயும் ஒம்போதுன்னு சொன்னா, நீங்களும் வராம போயிடுவீங்கன்னுதான்..."

அன்புக்கரசி கையிலிருந்த துணியைக் கீழே வைத்தாள். தன் வருகை நின்றுவிடக் கூடாதென்று ஒருத்தி ஒரு மாதமாகப் பல்லைக் கடித்துக் கிடந்திருக்கிறாள்.

"எவ்ளோ சொன்னாலும் நான் வருவன்க்கா. சொன்னாத்தானே மருந்த கூட்டிக் குடுக்க முடியும்?" என்றாள். பிறகு, இதுவரை கேட்காததைக் கேட்டாள். "மனசுல என்னாக்கா இருக்குது?"

"எம்பொண்ணு மதிவதனி புள்ள பெத்து ரெண்டு மாசமாவுது. நான்தான் வராதன்னுட்டன். இங்க ஒரே தூசி, கொழந்தைக்கு ஆவாதுன்னு பொய் சொன்னன். இந்த நாத்தத்த வச்சிக்கினு எப்படி சிஸ்டர் புள்ளையத் தூக்குறது? எனக்கே கொமட்டுது."

அன்றே அன்புக்கரசி டாக்டரிடம் பேசினாள். நாலு மணிக்கொருதரம் போட மார்ஃபின் மாத்திரை வந்தது. புண்ணின் மேல் தூவுவதற்கு வேறொரு மாத்திரையைப் பொடித்துக் கொடுத்தாள். இரண்டு நாளில் பெரியநாயகி அசந்து தூங்கினாள். பத்து நாளில் வாடை அடங்கியது. அதன் பிறகு திட்டக்குடியில் இருந்த மகளுக்கு அன்புக்கரசியே போன் செய்தாள்.

ஞாயிற்றுக்கிழமை மதிவதனி குழந்தையோடு வந்தாள். ஆனால் அதற்குள் பெரியநாயகியின் கை தூண்போல வீங்கியிருந்தது, மூச்சும் வாங்கியது. குழந்தையைத் தூக்க முடியவில்லை. பக்கத்தில் படுக்க வைத்தார்கள். அவள் ஒற்றை விரலால் அதன் கன்னத்தைத் தொட்டாள். "நாத்தம் வருதாடி?" என்று மகளிடம் மூன்று முறை கேட்டாள். மூன்று முறையும் மதிவதனி, "இல்லம்மா" என்றாள்.

புதன்கிழமை காலையில் பெரியநாயகி இறந்துபோனாள்.

துக்கம் கேட்க அன்புக்கரசி போனபோது விருத்தகிரி கைகூப்பினார். மதிவதனி குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு சொன்னாள்:

"வராதன்னதும், பொம்பளப் புள்ளன்னுதான் எங்கம்மாவுக்குப் பாக்கப் புடிக்கலன்னு நெனச்சிட்டன் சிஸ்டர். ரெண்டு மாசமும் போன்ல அவங்ககிட்ட மூஞ்சி குடுத்தே பேசல."

கருவேப்பிலங்குறிச்சியில் இன்னொரு நோயாளி காத்திருந்தார். அன்புக்கரசி எழுந்திருக்கவில்லை. மதிவதனியின் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்து, அவள் அழுது முடிக்கும்வரை முதுகைத் தடவிக்கொண்டே இருந்தாள்.