சத்யபாமாவின் பெரிய பூக்கள்

பர்மாவில், க்யிம்யிண்டைங் சந்தைக்குப் பின்னால், இரண்டாம் மாடியில் குடியிருக்கிறாள் சத்யபாமா. ஐம்பத்திரண்டு வயது. லான்மடாவில் ஒரு தனியார் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் முப்பது வருட வேலை. காலை ரயிலில் போய், நாள் முழுக்க நுண்ணோக்கியில் கண்ணை வைத்திருந்து, மாலை ரயிலில் திரும்புவாள். அவள் படம் வரைகிறவள் என்பது கூடத்தில் யாருக்கும் தெரியாது.

பத்தொன்பது வருடங்களுக்கு முன் பான்சோடான் தெரு நடைபாதையில், பழைய புத்தகக் கடையில் ஒரு கனமான படப் புத்தகம் கண்ணில் பட்டது. அட்டை இல்லை. உள்ளே, பக்கம் கொள்ளாத அளவுக்கு ஒற்றை ஒற்றைப் பூக்கள். வரைந்தவர் ஜார்ஜியா ஓ'கீஃப் என்ற அமெரிக்கப் பெண். அகராதியை வைத்துக்கொண்டு எழுத்துக்கூட்டிப் படித்தாள். பால்பண்ணைக் குடும்பத்தில் பிறந்தவர், டெக்ஸாஸில் ஓவியம் சொல்லிக்கொடுத்தவர், நியூயார்க்கில் பேர் வாங்கியவர், கடைசியில் பாலைவனத்துப் பக்கம் போய்க் குடியிருந்தவர். தொண்ணூற்றெட்டு வயது வரை இருந்திருக்கிறார். சின்னப் பூவை யாரும் நின்று பார்ப்பதில்லை, பெரிதாக வரைந்தால் அவசரக்காரனும் நிற்பான் என்று அவர் நினைத்தார். சத்யபாமாவுக்கு அது உடனே புரிந்தது. ஒரு சொட்டு ரத்தம் கண்ணாடிக்கு அடியில் ஊர் மாதிரி விரிவதைத் தினமும் பார்க்கிறவள் அவள்.

அவளும் வரைய ஆரம்பித்தாள். கணவர் சிவராஜ் துறைமுகத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். சட்டம் அடித்துத் துணியை இழுத்துக் கட்டித் தருவார். நந்தியாவட்டை, வாழைப்பூ, வேங்கைப்பூ மாதிரி மஞ்சளான படாவ் பூ என்று எட்டுப் படங்கள் சேர்ந்தன. எல்லாவற்றிலும் பெரியது நாலடிச் செம்பருத்தி.

ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு ஊரில் பயம் வந்தது. ஆனால் பூவுக்குப் பயப்பட வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது 2023 ஜூனில் ஒரு நாள். வழக்கம்போல மல்லிகைச் சரம் வைத்துக்கொண்டு ரயிலில் உட்கார்ந்திருந்தாள். எதிரே இருந்த பர்மியப் பெண் குனிந்து, உதடு அசையாமல் சொன்னாள்.

"பூவை எடுத்திடுங்க. இன்னைக்குப் பூ வச்சவங்களைப் பிடிக்கிறாங்க."

சிறையில் இருக்கும் தலைவியின் பிறந்தநாளாம், பூ வைப்பது அன்று ராணுவத்துக்கு எதிர்ப்பின் அடையாளமாம். சரத்தைப் பிடுங்கியதில் நாலு முடியும் கூட வந்தது. சாயங்காலம் வீட்டுக்கு வந்து, எட்டுப் படங்களையும் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்தாள்.

போன வருடம் படகுத்துறைப் பக்கம் ஏதோ வெடித்தது. மறுநாள் ஞாயிறு காலை, அடுத்த கட்டடத்து உஸ்மா மூச்சிரைக்கப் படியேறி வந்தாள்.

"அக்கா, சிட்தாங்க வீடு வீடாப் பாக்குறாங்க. லூஜியும் கூட வர்றாரு. எங்க வீடு முடிஞ்சிருச்சு. அந்தப் படப் புஸ்தகத்தைக் குடுங்க, திரும்ப எங்கிட்ட வரமாட்டாங்க."

சிட்தா என்றால் சிப்பாய். லூஜி என்பது வார்டுத் தலைவர். உஸ்மா புத்தகத்தை முந்தானைக்குள் செருகிக்கொண்டு இறங்கிப் போனாள்.

"படத்தையெல்லாம் கிழிச்சிடு, பாமா" என்றார் சிவராஜ்.

"கிழிச்சு எங்கே போடுறது? படியிலயா?"

சுவருக்கு அடித்த வெள்ளைப் பெயிண்ட் அரை டின் மிச்சம் இருந்தது. இருவரும் தரையில் உட்கார்ந்து பூசினார்கள். கீழ் மாடியில் கதவு தட்டும் சத்தம் கேட்டது. ஏழு படம் வெள்ளையாயிற்று. செம்பருத்தியில் பாதிதான் மூடியிருந்தது, அதற்குள் இந்த வீட்டுக் கதவும் தட்டப்பட்டது.

அதிகாரி உள்ளே வந்ததும் மூக்கைச் சுளித்தான். "இன்னைக்கு எதுக்குப் பெயிண்ட்?"

அவன் செம்பருத்தியைத் தொட்டான். விரலில் வெள்ளை ஒட்டியது.

"இது என்ன?"

"காளி கோயில் பூசைக்கு வரைஞ்சது" என்றார் சிவராஜ்.

"சாமிப் பூவை யாராவது அழிப்பாங்களா?"

சத்யபாமா கையிலிருந்த பெயிண்ட் தூரிகையைக் கீழே வைத்தாள்.

"பயமா இருந்துச்சு. அதான் அழிச்சேன்" என்றாள்.

"எதுக்குப் பயம்?"

உங்களுக்குத்தான் என்று எப்படிச் சொல்வது? தலையைக் குனிந்துகொண்டாள். வாசலில் நின்ற லூஜி தொண்டையைக் கனைத்தார், பெயருக்கு முன் 'டோ' என்று மரியாதை சேர்த்துச் சொன்னார்.

"டோ சத்யா ரத்தம் டெஸ்ட் பண்றவங்க, ஐயா. எனக்குச் சர்க்கரை பார்க்கிறதும் அவங்கதான். வேற எந்த வம்புக்கும் போகமாட்டாங்க."

அதிகாரி விரலை அவள் வீட்டுத் திரைச்சீலையில் துடைத்தான். பாதி மூடிய பூவைப் போனில் படம் பிடித்தான். அவளையும் அடையாள அட்டையையும் படமெடுத்தான். "கூப்பிட்டா வரணும்" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினான்.

கூப்பிடவில்லை. அதுதான் அவளை அரித்தது. ஒரு பையில் மாற்றுத் துணியும் ரத்த அழுத்த மாத்திரையும் எடுத்து வைத்தாள். கூடத்தில் ஒரு கிழவரிடம் ரத்தம் எடுக்கும்போது ஊசி நரம்பு தவறி, அவர் கை நீலம் பாரித்தது. அவள் கழிப்பறைக்குள் போய் அழுதாள்.

இரண்டு மாதம் கழித்து உஸ்மா புத்தகத்தைக் கொண்டுவந்து கொடுத்தாள். அரிசி மூட்டைக்கு அடியில் இருந்ததாம். பூப் பக்கங்களைத் திறக்கவே சத்யபாமாவுக்குத் தைரியம் இல்லை. பின்பக்கமாகப் புரட்டினாள். அங்கே ஒரு மண்சுவர், அதில் கறுப்பாக ஒரு கதவு. அடுத்த பக்கத்திலும் அதே கதவு. அந்தக் கதவுக்காகவே ஓ'கீஃப் இடிந்த ஒரு வீட்டை வாங்கி, வருடக்கணக்கில் அதையே திரும்பத் திரும்ப வரைந்தாராம்.

அடுத்த ஞாயிறு, வெள்ளையடித்த துணி ஒன்றைத் திருப்பி வைத்துக்கொண்டு, தன் வீட்டுக் கதவை உள்ளேயிருந்து பார்த்தபடி உட்கார்ந்தாள்.

"பூவை விட்டுட்டுக் கதவா?" என்றார் சிவராஜ்.

"கதவை வரைஞ்சா யாருங்க பிடிப்பாங்க?"

"அதையும் சொல்ல முடியாது."

இருவருக்கும் லேசாகச் சிரிப்பு வந்தது. இதுவரை மூன்று கதவுகள் வரைந்துவிட்டாள். தாழ்ப்பாள் மட்டும் இன்னும் சரியாக வரவில்லை. வரையும்போது படியில் பூட்ஸ் சத்தம் கேட்டால் தூரிகையை அப்படியே பிடித்துக்கொண்டிருப்பாள். சத்தம் மூன்றாம் மாடிக்கு ஏறிப் போன பிறகுதான் அடுத்த கோடு போடுவாள்.