வரிசையில் கடைசி ஆள்

"தலை!" என்று மென்சுர் கத்துவார். சுரங்கத்தில் உத்தரம் எங்கே தாழ்ந்திருக்கிறது என்பது அவருக்கு மனப்பாடம். அவருக்கு முன்னால் நடக்கிறவர் அதே சொல்லைத் தனக்கு முன்னால் இருப்பவரிடம் சொல்ல வேண்டும். அவர் அடுத்தவரிடம். ஜெர்மன்காரரோ ஜப்பான்காரரோ, யாராக இருந்தாலும் எங்கள் மொழியில்தான் சொல்ல வேண்டும். இங்கிலீஷில் யோசித்துச் சொல்வதற்குள் மண்டை உடைந்துவிடும் என்பது அவர் கட்சி.

சரயேவோவை எதிரிகள் முற்றுகையிட்டிருந்தபோது வெளியே போய்வரத் தோண்டிய சுரங்கம் அது. அதைக் காட்டுகிற மற்ற வழிகாட்டிகள் டார்ச்சைப் பிடித்துக்கொண்டு முன்னால் போவார்கள். இவர் கடைசியில் வருவார். எங்கள் முதலாளி ஒருமுறை கேட்டுப் பார்த்தார். "பின்னாடி இருந்தாத்தான் யாரு நிமிர்ந்து நடக்கிறான்னு தெரியும்" என்றார் மென்சுர். முதலாளி சிரித்துவிட்டுப் போய்விட்டார். வாடிக்கையாளர்கள் புகார் சொல்லாதவரை எங்கள் அலுவலகத்தில் எதுவும் சரிதான்.

அலுவலகம் என்பது பழைய கடைவீதியில் ஒரு அறை, ஒரு மேஜை, ஒரு காபிப் பானை. தொலைபேசி எடுப்பது நான். குழுவாகப் போகிறவர்களுக்கு இளம் வழிகாட்டிகள் இருக்கிறார்கள்; தனியாக ஒரு காரில் போய்ப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு மென்சுர். பதின்மூன்று வருடமாக இதுதான் ஏற்பாடு.

சண்டைக்கு முன்னால் அவர் லிஃப்ட் மெக்கானிக். முற்றுகையில் மின்சாரம் போனது, லிஃப்டுகள் நின்றன, அவரைச் சுரங்கத்துக்குள் தள்ளுவண்டி இழுக்க அனுப்பினார்கள். "அதுவரைக்கும் மேலயும் கீழயும்தான் போய்ட்டிருந்தேன். படுக்கைவாட்டுல போனது அப்பதான்" என்பார். இன்றும் எந்தக் கட்டடத்தைக் கடந்தாலும் அதன் லிஃப்டைப் பற்றி முதலில் சொல்வார். அந்த ஓட்டலில் இடதுபக்க லிஃப்ட் சோம்பேறி. இந்த ஆஸ்பத்திரி லிஃப்ட் நல்ல மாதிரி, பாரம் தாங்கும். ஊரின் வரலாற்றைக் கேட்க வந்த வெளிநாட்டார் தலையாட்டிக்கொண்டு குறித்துக்கொள்வார்கள்.

முற்றுகையில் என்ன சாப்பிட்டீர்கள் என்று எல்லோரும் கேட்பார்கள். "அரிசியும் மக்ரோனியும். மறுநாள் மக்ரோனியும் அரிசியும்." நிவாரணமாக வந்த தகர டப்பா இறைச்சியை என்ன செய்தீர்கள் என்றால், "எங்க வீட்டுப் பூனை மோந்து பாத்துட்டு மண்ணைப் போட்டு மூடிடுச்சு. நாங்க தோண்டி எடுத்துச் சாப்பிட்டோம்" என்பார். இவரை விருந்துக்குக் கூப்பிடுகிறவர்கள் இன்றுவரை சோற்றை மேஜையில் வைக்க முடியாது. இன்னொன்று, கீரை வைத்த பணியாரத்தை யாராவது புரெக் என்று சொல்லிவிட்டால் போச்சு. காரை ஓரமாக நிறுத்திவிடுவார். "இறைச்சி வச்சாத்தான் புரெக். மத்ததெல்லாம் பீட்டா. இதுகூடத் தெரியாம சண்டையைப் பத்தி என்ன தெரிஞ்சுக்கப் போறீங்க?"

சுரங்கத்து வாசலில் வெங்காய மூட்டை ஒன்று வைத்திருக்கிறார். வருகிறவர்கள் அதை முதுகில் ஏற்றிக்கொண்டு பத்தடி நடக்க வேண்டும். நல்ல உடற்பயிற்சி செய்த தோள்காரர்கள் எல்லாம் அந்த உயரத்தில், ஒன்றரை மீட்டருக்குச் சற்று மேலே கூரை இருக்கிற இடத்தில், மூட்டையோடு முழி பிதுங்கி நிற்பார்கள். "இப்படி எண்ணூறு மீட்டர். முழங்கால் தண்ணில. மேல விமான ஓடுதளம். எதிரிக்குக் கேக்கக் கூடாது. ஆனா தும்மல் வரும்" என்பார் மென்சுர். சொல்கிற தொனியில் ஒரு வருத்தமும் இருக்காது. குழாய் ரிப்பேர் விவரம் சொல்வது போலத்தான் சொல்வார்.

அன்னியரிடம் இப்படி மணிக்கணக்கில் பேசுகிற மனிதர் எங்களிடம் சண்டையைப் பற்றி ஒரு வார்த்தை பேசமாட்டார். அதில் அதிசயம் இல்லை. நானும் அந்த நான்கு வருடமும் இங்கேதான் இருந்தேன். நானும் யாரிடமும் பேசுவதில்லை. ஆனால் அவர் தன் மகளிடமும் பேசவில்லை என்பது எனக்குப் போன ஜனவரியில்தான் தெரிந்தது.

மகள் பெயர் அமேலா. தொண்ணூற்று நான்காம் வருடக் குளிர்காலத்தில் அம்மாவோடு இந்தச் சுரங்கம் வழியாக வெளியேறியபோது அவளுக்கு ஆறு வயது. இருவரும் சுவீடனுக்குப் போய்ச் சேர்ந்தார்கள். இவர் இங்கேயே இருந்தார். சண்டை ஓய்ந்த பிறகு மனைவி திரும்பி வரவில்லை, இவரும் போகவில்லை, காகிதத்தில் பிரிந்துகொண்டார்கள். வாரம் ஒருமுறை மகள் தொலைபேசியில் கூப்பிடுவாள். ஊருக்கு இரண்டு முறை கல்யாணங்களுக்கு வந்திருக்கிறாள். அப்பா அவளைப் புதிய கடைவளாகத்துக்கு அழைத்துப்போய், அங்கே போட்டிருந்த கண்ணாடி லிஃப்டைக் காட்டினாராம்.

அலுவலகத்துக்கு அவளே அழைத்தாள். நாக்கில் சுவீடன் ஏறியிருந்தது, ஆனாலும் நம் பெண்ணின் பேச்சுதான்.

"தனிச் சுற்று ஒண்ணு வேணும். மென்சுர்தான் வழிகாட்டணும். நான் அவர் பொண்ணு. அவர்கிட்ட சொல்லாதீங்க."

"வீட்டுக்குப் போய் நேரா அப்பாகிட்டயே கேளேன்மா."

"கேட்டேனே! ஃபோன்ல எதைக் கேட்டாலும் பனிமூட்டம்ங்கறார். மிளகாய் விலைங்கறார். உங்ககிட்ட வர்றவங்ககிட்ட மட்டும் நல்லாப் பேசறாராமே." கொஞ்சம் நிறுத்தினாள். "எனக்கு ஒரே ஒரு விஷயம் தெரியணும் அக்கா. அன்னைக்கு அம்மா முன்னாடி, நான் நடுவுல, அப்பா எனக்குப் பின்னாடி. என் கோட்டோட சேத்துத் தைச்ச தொப்பியைப் பின்னாடியிருந்து பிடிச்சுக்கிட்டே வந்தார். வெளிய வந்து திரும்பிப் பாத்தா வேற யாரோ பிடிச்சிருக்கார். மீசைக்காரர். அப்பா எங்க கையை விட்டார்னு எனக்குத் தெரியல. நுழையற வாசல்லயே விட்டுட்டாரோ? என்கூட உள்ள வந்தாரா இல்லையான்னே தெரியல. அம்மாகிட்ட கேட்டா, அவரையே கேளுங்கறா."

ரகசியம் காப்பது எங்கள் குடும்பத்தில் யாருக்கும் வழக்கமில்லை. மென்சுர் உள்ளே வந்ததும் சொல்லிவிட்டேன். மகள் வருகிறாள் என்பதை மட்டும். கேள்வியைச் சொல்லவில்லை, அவ்வளவுக்காவது வாயைக் கட்டினேன். அவர் சர்க்கரைக் கட்டியைக் காபியில் தோய்த்துக் கடித்தார். "பனி வழுக்கும். நல்ல பூட்ஸ் போட்டுட்டு வரச் சொல்லு" என்றார். பிறகு எழுந்து போய்க் காரைக் கழுவினார். ஜனவரியில், அந்தக் குளிரில், சக்கரம் வரைக்கும் கழுவினார்.

அன்று காலை என்னையும் கூட வரச் சொன்னார்.

"நான் எதுக்கு அண்ணே?"

"அவளுக்கு நம்ம பேச்சு மறந்திருக்கும். ஏதாவது புரியலைன்னா நீ எடுத்துச் சொல்லு."

"அவ நல்லாத்தான் பேசறா."

"மெலிஹா, வாயை மூடிட்டு வண்டில ஏறு தாயே."

மழமழவென்று சவரம் செய்திருந்தார். தாடையில் இரண்டு இடத்தில் வெட்டு.

அமேலா பின்னிருக்கையில் உட்கார்ந்தாள். அவளுக்கும் அவருடைய உயரம். முட்டி முன்னிருக்கையில் இடித்தது. வழிநெடுகிலும் அவர் வாடிக்கையாளரிடம் பேசுவது போலவே பேசினார். சோம்பேறி லிஃப்ட், பாரம் தாங்குகிற லிஃப்ட், அரிசி, மக்ரோனி, பூனை. அவள் பூனைக்குச் சிரித்தாள். நான் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தேன். ஒரு மனிதர் தன் சொந்த மகளுக்கு ஊர் சுற்றிக் காட்டுவதைக் கேட்பது எனக்குச் சங்கடமாக இருந்தது.

வெங்காய மூட்டையை அவள் தூக்கவில்லை. "எனக்கு எவ்வளவு கனம்னு தெரியும்" என்றாள். அவர் வற்புறுத்தவில்லை.

பழைய சுரங்கத்தில் இப்போது நடக்கக் கிடைப்பது வெளிவாசல் பக்கம் கொஞ்ச தூரம்தான். நான் முதலில், அவள் நடுவில், அவர் கடைசியில். பலகைகளில் ஈரம் இருந்தது. "தலை!" என்றார். "தலை!" என்று அவள் எனக்குச் சொன்னாள். நான் குனிந்தேன். அவள் அப்படியே நின்றுவிட்டாள் என்பது நாலடி போன பிறகுதான் தெரிந்தது.

"அப்பா, அந்தக் கை எது வரைக்கும் உங்களுது?" என்று கேட்டபடி அவள் சட்டென்று திரும்பினாள். உத்தரத்தில் நெற்றி மோதிய சத்தம் நாலடி தள்ளி நின்ற எனக்கே கேட்டது.

"ஐயோ" என்றேன் நான். அவள் நெற்றியைப் பிடித்துக்கொண்டு பதிலுக்குக் காத்திருந்தாள். என்ன கை, எந்தக் கை என்று அவர் கேட்கவில்லை.

"இங்க வரைக்கும்" என்றார். அந்த உத்தரத்தின் மேலேயே கையை வைத்தார். "இங்கேருந்து வாசல் விளக்கு தெரியும். காவல்காரன் நிப்பான். வேலையில இல்லாத நாள்ல ஆம்பளைக்கு வெளிய போகச் சீட்டு கிடையாது. இன்னும் நாலடி வச்சிருந்தா என்னைப் பிடிச்சிருப்பான். எனக்குப் பின்னாடி சாமான் எடுத்துவரச் சீட்டு வாங்கின ஒருத்தர் காலி மூட்டையோட வந்தார். மீசைக்காரர். தொப்பியை அவர் கையில கொடுத்தேன். உன் கழுத்துல இழுப்பு மாறக் கூடாதேன்னு பாத்துப் பாத்துக் கொடுத்தேன். லிஃப்டுக்குக் கயிறு மாத்தற மாதிரி."

"எனக்குத் தெரியவே இல்ல."

"தெரியக் கூடாதுன்னுதான்."

"ஏன் சொல்லல?"

"சொன்னா நீ நிப்ப. நீ நின்னா உங்கம்மா நிப்பா. உங்கம்மா நின்னா பின்னாடி நூறு பேர் நிப்பாங்க. நின்னுட்டா அப்புறம் யாரு உங்களைக் கிளப்பறது?"

"அம்மாவுக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சுதான் திரும்பாம போனா."

நான் கையுறையால் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். முன்னால் நின்றதால் யாரும் பார்க்கவில்லை.

"அப்புறம் என்ன பண்ணீங்க?" என்று கேட்டாள் அமேலா.

"திரும்பி நடந்தேன். இதுக்குள்ள எதிர்ல வரக் கூடாது, ஒரு மீட்டர் அகலம். எண்ணூறு மீட்டரும் ஒவ்வொருத்தனும் திட்டினான். குதிரைன்னான். கழுதைன்னான். ஒரு பொம்பளை முழங்கையால விலாவுல இடிச்சா. யாருக்கும் பதில் சொல்லல. தப்பு என்னுதுதானே."

"பதிமூணு வருஷமா இதே இடத்துல நடக்கிறீங்க. எனக்கு ஒரு தடவை சொல்லியிருக்கலாம்ப்பா."

"நீ கேக்கல."

"கேட்டேன். பனிமூட்டம்னீங்க."

"பனிமூட்டம் இருந்துச்சே" என்றார் மென்சுர்.

அவள் சிரிக்க ஆரம்பித்து அழுகையில் முடித்தாள். நாங்கள் மூவரும் குனிந்தபடியே வெளியே வந்தோம்.

வெளியே வெயில் பனியில் பட்டுக் கண்ணைக் கூசவைத்தது. அமேலாவின் நெற்றி ஒரு வால்நட் அளவுக்கு வீங்கியிருந்தது. மென்சுர் டிக்கியைத் திறந்து, கந்தல் துணிகளைத் தள்ளி, தன் பழைய தொழிலின் பெரிய ஸ்பேனர் ஒன்றை எடுத்தார். இரும்பு பனிக்கட்டியாய்க் குளிர்ந்திருந்தது. அதைக் கோட்டில் இரண்டு முறை துடைத்து அவள் வீக்கத்தின் மேல் வைத்து அழுத்தினார். அவள் "ஸ்..." என்று பின்வாங்கினாள். நுழைவுச் சீட்டுக்காரன் வந்து, அடுத்த வண்டி வரவேண்டும், உங்கள் காரை எடுங்கள் என்றான். மென்சுர் திரும்பவே இல்லை. மற்றொரு கையை அவள் தலைக்குப் பின்னால் கொடுத்துத் தாங்கி, ஸ்பேனரை எடுக்காமல் அப்படியே நின்றார்.