முன்னால் நுழைந்த வழிகாட்டி

புளியந்தீவின் பழைய தெருக்களில் ஆட்களை நடத்திக் கூட்டிப்போய், கடைகடையாகச் சாப்பாடு காட்டும் வழிகாட்டி அவர். ஒல்லியான ஆள். வெயிலிலும் விரிக்காத ஒரு கறுப்புக் குடை. வெளியூர்க்காரரிடம் கதை அளக்கிறார் என்று கேள்விப்பட்டு, கையும் களவுமாகப் பிடிக்கத்தான் நான் சேர்ந்தேன். பக்கத்துக் கரடியனாற்றில் பிறந்த நான், சொந்த ஊர் கொழும்பு என்று பொய் சொன்னேன்.

முதல் கடையில் பிட்டும் எருமைத் தயிரும், கூடவே சீனியும் வாழைப்பழமும் தந்தார்கள். அதன்பிறகு ஒவ்வொரு கடை வாசலிலும் எங்கள் ஐந்து பேரையும் நிழலில் நிறுத்திவிட்டு, "பொறுங்க, வாறன்" என்று அவர் மட்டும் உள்ளே போனார். கமிஷன் பேசத்தான் போகிறார் என்று நினைத்தேன்.

கோட்டைக்குப் பக்கத்துக் கடையில் பின்னாலேயே போய்க் கதவோரம் நின்றேன். முதலாளியிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

"நீலச் சட்டை போட்டவர் நம்மட பக்கத்து ஆள். கொழும்பெண்டு சொல்றார். என்னத்துக்கு வந்திருக்கிறாரோ தெரியா. பாத்துக் கதைங்க."

நீலச் சட்டை நான்தான்.

திரும்பி என்னைக் கண்டார். முகம் மாறவில்லை.

"எப்படித் தெரியும்?" என்றேன்.

"மத்தவங்க தயிருக்குச் சீனி போட்டுக் கரண்டியால சாப்பிட்டாங்க. நீங்க பிட்டுக்குத் தயிரை ஊத்தி, வாழைப்பழமும் போட்டுப் பிசைஞ்சிங்க."

விளக்கம் சொல்ல வாயெடுத்தேன். "ஓம், ஓம்" என்று தலையாட்டிவிட்டு மற்றவர்களைக் கூப்பிடப் போனார்.

இறால் வடை சூடாக வந்தது. எல்லாரோடும் சிரித்துப் பேசிய முதலாளி, என் முன்னால் தட்டை வைத்துவிட்டுப் பேசாமல் போனார்.

அந்த நீலச் சட்டையைப் போட்டுக்கொண்டு அதற்குப் பிறகு நான் புளியந்தீவுக்குப் போகவில்லை.