பால் கொடுப்பவளின் நோம்பும் என் காவலும்

எங்கள் குடும்பத்தில் முதன்முதலில் பள்ளிக்கூடம் போனவன் நான். கொல்லங்கோட்டில் வாத்தியாராகவும் ஆகிவிட்டேன். எதையும் பாடமாக நடத்தாமல் விட எனக்குத் தெரியாது. மகனுக்கு நாலு மாதம் ஆனபோது ரமலான் வந்தது. பிள்ளைக்குப் பால் குறையும் என்று தாய் அஞ்சினால் நோம்பை விடலாம், பிற்பாடு நோற்றுக்கொள்ளலாம் என்று மார்க்கத்திலேயே சலுகை இருக்கிறது. அதைக் கரும்பலகை ஒன்றுதான் இல்லை என்கிற மாதிரி மனைவிக்கு விளக்கினேன்.

“அது எனக்கும் தெரியுமுங்க. ஊரே சாப்புடறப்ப ஒருத்தியா நோம்பு புடிக்கறது எத்தனை கஷ்டம்னு உங்களுக்குத் தெரியுமுங்களா? எல்லாரோடவும் சேந்தே புடிச்சர்றேன்.”

கடைசியில் ஓர் ஒப்பந்தத்துக்கு வந்தோம். சாயங்காலம் நோம்பு திறந்ததிலிருந்து விடியுமுன் சாப்பிடும் சகர் வரை அவள் தண்ணீரும் கஞ்சியும் தாராளமாகக் குடிக்க வேண்டும். பிள்ளை வழக்கம்போல் துணி நனைத்தால் நோம்பு தொடரும். குறைந்தால் அப்போதே விட்டுவிட வேண்டும். துணிகளைக் கண்காணிக்கும் பொறுப்பை, யாரும் கொடுக்காமலே, நான் எடுத்துக்கொண்டேன். தினமும் துணி காயும் கொடியருகே நின்று, ஈரத்துணி எத்தனை என்று தடவி எண்ணுவேன்.

“ஏனுங் வாத்தியாரே, திருத்தறதுக்குப் பரீட்சைப் பேப்பர் பத்தலீங்களா?” என்று பக்கத்து வீட்டு அக்கா வேலிக்கு அப்பாலிருந்து கேட்டாள்.

ஒரு சனிக்கிழமை மத்தியானம், மழை விட்டதும் போய்ப் பார்த்தேன். கொடி நிறைய ஈரத்துணி. உள்ளே வந்து, “இன்னிக்குப் பால் நல்லாத்தான் இருக்குது” என்று தீர்ப்புச் சொன்னேன்.

மனைவி சுவரில் சாய்ந்திருந்தாள். பிள்ளை மாரை விட்டுவிட்டுச் சிணுங்கிக்கொண்டிருந்தான்.

“அது மழைத் தண்ணீங்க. நேத்துத் தொவைச்ச துணி. காலையில இருந்து இவன் ஒரே துணிதான் நனைச்சிருக்கான். எனக்கும் தலை சுத்துது. அந்தச் சொம்பை எடுங்க.”

சலுகையைப் பற்றி அத்தனை பேசிய நான் ஓடிப்போய்ச் சொம்பை எடுத்துக் கொடுத்தேன். குடித்து முடித்தாள், கண் கலங்கியிருந்தது. “இனி இந்த நோம்பைப் பின்னால ஒருத்தியாத்தான் புடிக்கோணும்.”

“நானும் கூடப் புடிக்கறேன்” என்றேன், வீராப்பாக.

சாயங்காலம் பிள்ளை வயிறாரக் குடித்துத் துணியை நனைத்தான், என் கைலியையும் சேர்த்து. அந்த மாதம் மீதி நாட்களில் உடம்புக்கு முடிந்தபோது மட்டும் நோம்பு வைத்தாள்.

தை மாதத்தில் பிள்ளை கூழும் குடிக்கத் தொடங்கியிருந்தான். மனைவி விட்ட நோம்புகளை நோற்க ஆரம்பித்தாள். முதல் நாள் நானும் சகருக்கு எழுந்தேன். பள்ளிக்கூடத்தில் வேறு யாருக்கும் நோம்பு இல்லை. இடைவேளையில் டீயும் வடையும் வந்தன. அடுத்த வகுப்பில் பெருக்கல் வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருக்கும்போதுதான் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது.

வீட்டுக்கு வந்து தலையைக் குனிந்து சொன்னேன்.

“மறந்து தின்னா நோம்பு முறியாதுங்க” என்றாள். “எத்தனை வடை?”

“ரெண்டு.”

“ரெண்டாவதும் மறதிதானுங்களா?”

“சத்தியமா மறதிதான். சட்னி வேற நல்லா இருந்துச்சு.”

மடியிலிருந்த பிள்ளை திடுக்கிட்டுப் பார்க்கும்படி சிரித்தாள். “நாளைக்கும் கூடப் புடிங்க. நீங்களும் புடிக்கறீங்கன்னு நெனச்சதுல எனக்குப் பொழுது போனதே தெரியலீங்க.”