பிழையில்லாத கல்

கல்லறைத் தோட்டத்தின் கடைசி வரிசையிலிருந்து வாசலை நோக்கி நடந்துகொண்டிருந்தேன். அங்கே எனக்கிருந்த புல் வெட்டும் வேலை அன்றோடு முடிந்துவிட்டது; வேறு வேலை இல்லை. வழியில் சேர்ந்துகொண்டவர், முன்பு லத்தீன் படிப்பித்தவராம். மெலிந்த மனிதர், கோட்டின் பொத்தான்களை மாற்றிப் பூட்டியிருந்தார். கல்லுக்குக் கல் நின்று, எழுத்துகளின் மேல் விரலை ஓட்டினார்.

"ஏன் அண்ணை தடவுறியள்?"

"பிழை தேடுறன், தம்பி. ரோமர் காலத்தில கல்லு வெட்டினவங்கள் தாங்கள் கதைக்கிற மாதிரியே வெட்டிப்போட்டாங்கள். ஆபிரிக்காக் கல்லில 'வி'க்குப் பதிலா 'பி' கனக்க இருக்கும். பிரான்ஸ் பக்கம் குறைவு. அந்தப் பிழையளாலதான் எந்த ஊர்ச் சனம் எப்பிடிக் கதைச்சதெண்டு இண்டைக்குத் தெரியுது."

"இஞ்ச ஏதும் கிடைச்சதோ?"

அவர் சிரிக்கவில்லை. அன்றுதான் அவர் மனைவிக்குக் கல் நட்டிருந்தார்கள். மனைவி மட்டக்களப்புக்காரி; 'மகனே' என்பது அந்த ஊர்ப் பேச்சில் 'மனே'. எங்கே புறப்பட்டாலும் "போயிட்டு வாறன் மனே" என்பாராம். அதையே வெட்டச் சொல்லி இவர் எழுதிக் கொடுத்திருந்தார்.

"பிள்ளையள் கல்லு வெட்டுற கடைக்குப் போன் பண்ணித் திருத்திப்போட்டினம். 'சென்று வருகிறேன்' எண்டு கிடக்கு. அவள் சீவியத்தில அப்பிடிக் கதைச்சதில்லை."

"திருப்பி வெட்டேலாதோ?"

"கருங்கல்லு தம்பி. அழிக்கேலாது."

பஸ் தரிப்பில் பிரியும்போது சொன்னார்: "உமக்கு வேலை இல்லையெண்டனீர். அஜின்கோர்ட் பக்கம், அவளின்ர கல்லு வெட்டின கடையில ஆள் தேடினவங்கள். போய்ப் பாரும்."

மறுநாள் காலை அங்கே சேர்ந்தேன். எழுத்துகளை இயந்திரம் வெட்டியது. தூசியைக் கழுவுவது என் வேலை. கழுவும்போது ஒவ்வொரு கல்லிலும் விரலை ஓட்டிப் பார்த்தேன். ஒரு பிழையும் இல்லை.