யார் பெயரும் இல்லாத கோப்பு

கணினியில் இடமே இல்லை என்று பேத்தி கவிதா காலையில் புலம்பினாள். ஒத்தாசையாக இருக்கட்டுமே என்று, யார் பெயரும் இல்லாத கோப்பு ஒன்றை நானே அழித்துவிட்டேன்.

அதன்பிறகு அவள் பாடம் எழுதும் மென்பொருள் திறக்கவில்லை. ஐந்து மணிக்குள் கல்லூரிக்கு அனுப்ப வேண்டுமாம்!

"ஐயோ பாட்டி! அது பல மென்பொருளுக்கும் பொதுவான கோப்பு. கேட்கிறவங்களுக்கு நினைவகத்துல இடம் கொடுத்து, வேலை முடிஞ்சதும் திரும்ப வாங்கிக்கும்."

"விசேஷத்துக்குக் கேட்கிறவங்களுக்குக் கொடுக்குற நம்ம கோயில் அண்டா மாதிரியா?"

"அண்டா இல்ல. அண்டாவைக் கொடுத்து வாங்குற உங்கள மாதிரி!"

ஐந்தாம் வகுப்போடு நின்ற எனக்கே விளங்கிவிட்டது. கெட்டிக்காரி, கணினியின் குப்பைத்தொட்டியிலிருந்து கோப்பை மீட்டு, நாலே முக்காலுக்குப் பாடத்தை அனுப்பிவிட்டாள்.

எங்கள் ஊர் காஜா பெராங் கோயிலில் என்னிடம் அண்டா வாங்கிப்போய் இன்னும் திருப்பித் தராதவர்களே, படிக்கிறீர்களா? என்னை இன்னும் யாரும் அழிக்கவில்லை.